ஆறு கட்டைக்கு இறங்கிய கித்தார்

தந்தி அறுந்த ஓசையைக் காட்டிலும், அதற்கு முந்தைய கணத்து அமைதிதான் இன்னும் என் செவியில் இருக்கிறது.

கார்த்திகை மாதத்துப் பிற்பகல். மழை பெய்து ஓய்ந்து, செம்பனை ஓலைகளிலிருந்து நீர் சொட்டிக்கொண்டிருந்தது. கூடத்தில் பாய் விரித்து, கித்தாரை மடியில் கிடத்தி அமர்ந்திருந்தாள் என் மனைவி கமலம். எதிரே நான். ஒரு கையில் கைப்பேசி, மறு கை முறுக்காணியில். சுருதி காட்டும் செயலி ஒன்றைப் பேரன் கைப்பேசியில் ஏற்றித் தந்திருந்தான். தந்தியை மீட்டினால் அது எந்தச் சுரம் என்று ஆங்கில எழுத்தில் காட்டும். 'டி' என்று தொடங்கியது 'ஈ' ஆயிற்று. 'எஃப்' ஆயிற்று. 'ஜி' ஆயிற்று.

"ஏங்க, ஏறிக்கிட்டே போகுதே? பூனை கத்துற மாதிரி இருக்கு" என்றாள் கமலம்.

எனக்குப் பேச அனுமதி இல்லை. என் கழுத்துக் கட்டியை அகற்றிய அறுவையைப் பற்றிச் சென்ற இதழில் எழுதியிருந்தேன். அதன்பின் ஒருநாள், நான் வழக்கமாகப் பதிகம் ஓதும் கோயிலின் வாசலில், ஆசை அடங்காமல் மெல்ல முனகிப் பார்த்தேன். கேட்டுக்கொண்டிருந்த நாகசுரக்காரர், "குரல் இறங்கிருச்சுண்ணே. இனிமே உங்களுக்கு ரெண்டு கட்டை ஆகாது, ஆறு கட்டைதான்" என்றார். முனகிய செய்தி மருத்துவர் காதுக்கு எட்டி, மூன்று வாரம் வாயே திறக்கக் கூடாது என்று கட்டளை பிறந்தது. ஆகவே நாள்காட்டித் தாளின் பின்புறத்தில் எழுதிக் கமலத்திடம் காட்டினேன்.

'இரண்டைவிட ஆறு பெரியது.'

அவள் தாளைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், தலையை ஆட்டிக்கொண்டாள். நான் முறுக்காணியை இன்னும் ஒரு சுற்றுத் திருகினேன். ஒரு கணம் வீடே மூச்சைப் பிடித்துக்கொண்டது போலிருந்தது.

பிறகு தந்தி அறுந்தது. கமலத்தின் புறங்கையில் சிவப்பாய் ஒரு கோடு விழுந்தது. அதைத் துடைத்துக்கொண்டே அவள் கித்தாரின் வயிற்றைக் காட்டினாள். தந்திகளின் அடிமுனைகளைப் பிணைத்திருக்கும் மரத்துண்டு, பலகையை விட்டு நகக்கண் அளவு எழும்பி நின்றது.

கோயிலுக்குக் கித்தார் வந்த கதை

சிவன் கோயிலில் கித்தாருக்கு என்ன வேலை என்று சில அன்பர்கள் கேட்கக்கூடும்.

சுங்கை லாலாங்கில் எங்கள் ரப்பர்த் தோட்டம் இருந்த நாளில், கல்யாண வீடுகளில் வாசிக்கும் இளைஞர் குழு ஒன்று இருந்தது. குழு கலைந்தபோது ஒரு கித்தாரைக் கோயில் சாமான் அறையில் போட்டுவிட்டுப் போனார்கள். அப்போது நான் ஓதத் தொடங்கிச் சில ஆண்டுகளே ஆகியிருந்தன. தம்புரா எங்களுக்குக் கைக்கெட்டாத பொருள். அந்தக் கித்தாரைத் துடைத்து எடுத்து, ஆறு தந்திகளில் இரண்டைக் கழற்றிவிட்டு, நான்கைப் பஞ்சமம், சட்சம், சட்சம், கீழ்ச்சட்சம் என்று கூட்டி, தம்புராவைப்போல் மடியில் கிடத்தி ஒற்றை விரலால் வருடத் தொடங்கியவள் கமலம். புதுமணப் பெண்ணுக்குக் கோயிலில் கொடுத்த முதல் வேலை அது.

அன்று முதல் அந்தக் கித்தார் இரண்டு கட்டையை விட்டு அசைந்ததில்லை. என் குரலும் அசைந்ததில்லை. பண்களை அறிவேன், பதிகங்களை அறிவேன். எந்தப் பாட்டில் எந்தச் சொல்லில் தொண்டை அடைக்கும் என்பதும் எனக்குத் தெரியும். கட்டைக் கணக்கு மட்டும் தெரியாது. ஒரே வீட்டில் வாழ்ந்து முடிப்பவனுக்கு ஊரின் வரைபடம் எதற்கு?

தோட்டம் போய், வரிசை வீடுகளாய்த் தாமான் வந்தது. ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. மார்கழியில் பாட்டுக்கென்று வகுத்த பத்து விடியல்களிலும் அந்தக் கோயிலில் பாட்டு நின்றதில்லை.

இந்த முறை நிற்கும் போலிருந்தது. தந்தி அறுந்த மறுநாள் கோயில் செயலாளர் முருகையா தொலைபேசியில் அழைத்தார். கமலம் ஒலியைப் பெரிதாக வைத்தாள்.

"அண்ணே, பேச வேணாம், கேளுங்க போதும். மார்கழிக்கு இன்னும் இருபது நாள்தான். உங்களுக்கு முடியலேன்னா தப்பே இல்ல. பென்டிரைவ்ல நல்லாப் பாடினது இருக்கு. ஸ்பீக்கர்ல போட்டுக்கலாம் லா. நீங்க வந்து சும்மா உக்காந்தாப் போதும்."

அவர் அன்பாகத்தான் சொன்னார். அதுதான் வலித்தது. இறைவன் திருமுன் ஒரு பென்டிரைவுக்கு இடம் விட்டு நான் சும்மா அமர்ந்திருப்பதை எண்ணிக்கொண்டே அறுந்த தந்தியைச் சுருட்டி வைத்தேன்.

உணவகத்தின் பின்கட்டு

சுங்கை பட்டாணியில், 'காக்கா' என்று ஊரே அழைக்கும் தமிழ் முஸ்லிம் ஒருவரின் நாசி கண்டார் சோற்று உணவகத்துக்குப் பின்னால், அவருடைய தங்கை மெஹருன்னிசா கித்தார் பழுது பார்க்கிறாள் என்று கேள்விப்பட்டுப் போனோம். நாற்பது வயதைக் கடந்தவள். குருண் ஊர்த் தொழிற்சாலை ஒன்றில், இரும்பு வடங்கள் எத்தனை எடை தாங்கும் என்று இழுத்து இழுத்து அறுத்துப் பார்ப்பதுதான் பல ஆண்டு அவளுடைய வேலை. அதை விட்டுவிட்டுக் கித்தாருக்கு வந்தவள்.

கித்தாரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். எழும்பிய மரத்துண்டின் அடியில் மெல்லிய தாளை நுழைத்துப் பார்த்தாள்.

"மாமா, இது உடையல. பசை விட்டிருக்கு, அவ்ளோதான். ஒட்டி இறுக்கி வச்சா நாலஞ்சு நாள்ல உக்காந்துரும். ஆனா இத என்ன செஞ்சீங்க?"

நான் தாளில் எழுதினேன். கமலம் முந்திக்கொண்டாள்.

"ரெண்டுலேர்ந்து ஆறுக்கு ஏத்துறாராம். ஆறு பெருசாம்."

மெஹருன்னிசா சிரித்துவிட்டாள். உடனே வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு மேசை மேலிருந்த ஒரு சிறு ஹார்மோனியத்தைத் திறந்து வெள்ளைக் கட்டைகளை எண்ணிக் காட்டினாள். ஒன்று முதல் ஏழு வரை. அதன்பின் மறுபடியும் ஒன்று. ஆகவே இரண்டாம் கட்டைக்கு வலப்புறம் ஓர் ஆறு உண்டு, இடப்புறமும் ஓர் ஆறு உண்டு. என் குரல் இறங்கிச் சேர்ந்திருந்தது இடப்புறத்து ஆறில். நான் ஏற முயன்றதோ வலப்புறத்து ஆறுக்கு.

"ஃபோன்லயும் 'ஏ'ன்னுதான் காட்டும் மாமா, ரெண்டுக்கும். பக்கத்துல குட்டியா ஒரு நம்பர் இருக்கும் பாருங்க. அதுதான் எந்த 'ஏ'ன்னு சொல்றது."

அந்தக் குட்டி எண்ணை நான் கண்டிருந்தேன். பொருட்படுத்தவில்லை. வாழ்நாள் முழுதும் தராசில் எண் பார்த்தவன், ஒரு சிறிய எண்ணை அலட்சியம் செய்துவிட்டேன்.

எடை பார்த்தவன்

என் தொழிலைப் புதிய வாசகர்களுக்காக ஒரு வரி சொல்லிவிடுகிறேன். தோட்டத்து ஆலையில் ரப்பர் பால் நிறுத்து வாங்கும் கொட்டகையில் நின்றவன் நான். வாளிகள் வரும், கொக்கியில் மாட்டுவேன், முள் அசைந்து நிற்கும். பால் வெட்டியவர்கள் என் முகம் பார்ப்பார்கள். ஒரு வாளியைக் கையில் தூக்கியதும் எத்தனை கிலோ என்று முள்ளுக்கு முன்பே என் தோளுக்குத் தெரியும்.

அதனால்தான் மெஹருன்னிசா அடுத்துச் செய்த காரியம் என்னை நாற்காலியின் விளிம்புக்கு இழுத்தது. அறுந்த தந்தியின் ரகத்திலேயே ஒரு புதுத் தந்தியை எடுத்து, சரியாக ஒரு மீட்டர் அளந்து நறுக்கி, சுருட்டி, நகைக்கடையில் வைத்திருப்பது போன்ற சிறு தராசில் வைத்தாள். நான்கு கிராமுக்குச் சற்றுக் குறைவு.

"மூணே விஷயம் மாமா. கம்பி எவ்ளோ நீளம், ஒரு மீட்டர் எவ்ளோ எடை, எந்தச் சுருதி வேணும். இது மூணும் தெரிஞ்சா, அந்தக் கம்பி எவ்ளோ இழுக்கும்னு கித்தாரத் தொடாமலே சொல்லிறலாம்."

தாளில் கணக்குப் போட்டாள். நீளத்தையும் ஒரு நொடியில் தந்தி அதிரும் எண்ணிக்கையையும் பெருக்கினாள். அதை இரட்டித்தாள். வந்ததை அதனாலேயே பெருக்கினாள். பிறகு எடையால் பெருக்கி, விடையைக் கிலோவாக மாற்றினாள். இரண்டு கட்டையில் இருந்தபோது அந்த ஒற்றைத் தந்தி ஏறத்தாழப் பதினான்கு கிலோ இழுத்துக்கொண்டிருந்தது. நான்கு தந்திகளும் சேர்ந்து ஐம்பது.

அந்த எண்ணை மறுபடி படித்தேன். ஐம்பது கிலோ! கமலத்தின் எடையே அவ்வளவுதான். இத்தனை ஆண்டுகள் அவள் மடியில் கிடந்த அந்தக் கித்தாருக்குள் இன்னொரு கமலம் ஓயாமல் தொங்கிக்கொண்டிருந்திருக்கிறாள். நான் கேட்டதெல்லாம் ரீங்காரத்தை மட்டும்.

"நீங்க ஏத்தப் பாத்தீங்களே, அந்த ஆறுக்கு ஒத்தக் கம்பியே முப்பத்தோரு கிலோ. அதான் பிச்சுக்கிச்சு" என்றாள்.

'இறங்க வேண்டிய ஆறுக்கு?' என்று எழுதிக் காட்டினேன்.

"ஏழே முக்கா. சரியா நாலுல ஒண்ணு. சுருதி பாதியானா இழுவை காலாயிரும்."

கீழ் ஆறும் மேல் ஆறும் ஒரே சுரம்தான். ஆண் பாடினால் ஒன்று, பெண் பாடினால் மற்றொன்று, காதுக்கு இரண்டும் ஒன்றோடொன்று இழையும். அந்த இரண்டுக்கும் நடுவே நான்கு மடங்கு என்ற கணக்கு, கூடவும் இல்லாமல் குறையவும் இல்லாமல், யார் கேட்டாலும் கேட்காவிட்டாலும் நின்றுகொண்டிருக்கிறது. இசையே உருவானவன் என்று இறைவனை எத்தனை பதிகங்களில் பாடியிருப்பேன்! பாடும்போது அந்த உருவத்தை நினைத்துக் கண் கசிந்திருக்கிறேன். அதற்கு இத்தனை துல்லியமான உறுப்புகள் இருக்கும் என்று நினைத்ததேயில்லை.

இரண்டு வாளித் தண்ணீர்

"ஏழே முக்கா பத்தாது மாமா. கம்பி தொளதொளன்னு ஆடும், மாமி விரல் பட்டா மரத்துல மோதி கறகறன்னு சத்தம் வரும்" என்றாள் மெஹருன்னிசா. "அதுக்காக இழுத்தா சுருதி ஏறிரும். அப்ப என்ன செய்றது?"

அவள் எங்களைக் கேட்டாள். பதிலுக்குக் காத்திராமல் தானே சொன்னாள்.

"கனத்த கம்பி போடணும். சுருதி இறங்கியே இருக்கும், கம்பி மட்டும் விறைப்பா நிக்கும்."

ஒரு மீட்டருக்கு ஆறு கிராமுக்குக் கொஞ்சம் குறைவான தந்தி இருந்தால், இறங்கிய ஆறில் பன்னிரண்டு கிலோ இழுக்கும் என்று தாளில் காட்டினாள். நான் தலையசைத்தேன். அசைத்த விதத்திலேயே என் ஐயம் அவளுக்குத் தெரிந்துவிட்டது.

"நம்பலியா? வாங்க."

பின்கட்டுச் சுவரில் நிறுத்திய ஒரு பலகையில், கித்தாரின் தந்தி நீளத்துக்குச் சரியாக, இரண்டு இரும்பு விளிம்புகளைப் பொருத்தினாள். மேலே ஆணியில் பழைய ரகத் தந்தியை மாட்டி, இரு விளிம்புகளின் மேலும் படியவிட்டு, கீழே தொங்கிய முனையில் ஒரு வாளியைக் கட்டினாள். சமையற்கட்டிலிருந்து அளவுக் குவளையில் தண்ணீர் கொண்டுவரச் சொன்னாள். ஒரு லிட்டருக்கு ஒரு கிலோ. ஏழே முக்கால் லிட்டர் ஊற்றினேன். அவள் தந்தியைச் சுண்டினாள்.

சுவரிலிருந்து ஒரு சுரம் எழுந்தது. ஆனால் அது சற்றுக் கூடுதலாக, ஏறக்குறைய அரைக் கட்டை மேலே நின்றது. மெஹருன்னிசாவின் புருவம் சுருங்கியது. கணக்கை மறுபடி பார்த்தாள். பிழையில்லை.

எனக்குப் பொறுக்கவில்லை. தாளைப் பிடுங்கி எழுதினேன். 'வாளி.'

"என்ன மாமா?"

'வாளியின் எடையைக் கழித்தாயா?'

அவள் நெற்றியில் அடித்துக்கொண்டாள். "அலாமா! வருசக்கணக்கா ஃபேக்டரில மெஷின் கழிச்சுக் குடுத்துச்சு, நான் மறந்தே போயிட்டேன்." உணவகத்துப் பக்கம் திரும்பி, "காக்கா! மாமாக்கு இன்னொரு தே ஓ! சும்மா குடுக்கணும்!" என்று பாலில்லாத் தேநீருக்குக் கத்தினாள்.

வாளி முக்கால் கிலோ இருந்தது. அந்த அளவு தண்ணீரை முகந்து எடுத்தேன். மறுபடி சுண்டினாள். கைப்பேசியில் 'ஏ' என்ற எழுத்து, பக்கத்தில் குட்டியாய் இரண்டு என்ற எண். முள் நடுவில் நின்றது.

அதன் அருகிலேயே கனத்த தந்தியைக் கட்டி, இன்னொரு வாளியில், வாளி எடையும் சேர்த்துப் பன்னிரண்டு கிலோ வருமாறு நானே ஊற்றினேன். கமலத்தை மீட்டச் சொன்னாள் மெஹருன்னிசா. கமலம் முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு, ஒரு விரலால் இரண்டையும் அடுத்தடுத்து வருடினாள்.

ஒரே சுரம்.

ஒரு வாளி குறைவாகவும் மற்றொன்று தளும்பவும் தொங்குகின்றன. ஒரு தந்தி மெலிந்தது, மற்றது தடித்தது. ஒலி மட்டும் ஒன்று. அந்தப் பின்கட்டில் வெங்காயத் தோலும் எண்ணெய்ப் புகையுமாய் இருந்த காற்று ஒரு கணம் கருவறைக் காற்றாயிற்று. கைகள் தாமாகக் குவிந்தன. தண்ணீருக்குச் செவி இல்லை, வாளிக்குப் பண் தெரியாது. யாரோ முன்னரே சொல்லி வைத்ததுபோல் இரண்டும் சரியான இடத்துக்கு வந்து நின்றன.

மெஹருன்னிசாவும் கைப்பேசியைக் கீழே வைத்துவிட்டாள். "நானும் மொத தடவை இப்படித்தான் நின்னேன் மாமா. சுப்ஹானல்லாஹ்ன்னு வாயில தானா வந்துச்சு" என்றாள் தணிந்த குரலில்.

கித்தாருக்கான தந்திகளை அவளே தேர்ந்தாள். சட்சத்துக்கு அந்தக் கனத்த ரகம் இரண்டு. பஞ்சமத்துக்கு வழக்கமாகக் கித்தாரில் எல்லாவற்றிலும் தடித்ததாக வருவது. கீழ்ச்சட்சத்துக்கு, ஏழு தந்திக் கித்தாருக்கென விற்கும் இன்னும் தடித்த ஒன்று. மொத்தம் நாற்பத்தாறு கிலோவுக்குள். "பழைய பாரத்த விடக் கம்மி. ஒட்டின எடம் தாங்கும்" என்றாள்.

முதல் விடியல்

மௌனம் முடிந்தபின் வீட்டில் இரண்டு நாள் பாடிப் பார்த்தேன். குரல் வந்தது. நம்பிக்கை முழுதாக வரவில்லை. நான்காம் பாட்டுக்குள் ஈரம் வற்றித் தொண்டை உரசியது. பத்து நாள், நாளுக்குப் பத்துப் பாட்டு. முதல் நாள் விடியலில் முருகையா பென்டிரைவைச் சட்டைப்பையில் வைத்தபடியேதான் கோயிலுக்கு வந்திருந்தார்.

குருணில் இரவு வேலை முடித்தவர்கள் சீருடையோடு வந்து பின்வரிசையில் அமர்ந்தார்கள். வேலைக்குப் போகும் வழியில் வந்த பெண்கள் தூணோரம். கமலம் கித்தாரைக் கிடத்தி வருடினாள். புதிய சுருதி எழுந்ததும், பழகியவர்கள் தலை நிமிர்ந்து பார்த்தார்கள். அது பழையதைவிடத் தாழ்ந்து, தரையின் அடியிலிருந்து வருவது போலிருந்தது.

முதல் பாட்டு. இரண்டாவது. மூன்றாவது. என் குரல் அந்த ஒலியின்மேல் படிந்து, சறுக்காமல் போயிற்று. இறைவனுக்கு நன்றி சொல்லிக்கொண்டே ஐந்தாவதை எடுத்தேன்.

மூன்றாம் அடியில் குரல் நின்றுவிட்டது.

இருமல் அல்ல, அடைப்பும் அல்ல. சொல் வாயில் இருக்கிறது, ஒலி இல்லை. சுருதி மட்டும் போய்க்கொண்டிருந்தது. முருகையாவின் கை சட்டைப்பைக்குப் போவதைக் கண்டேன். கண்களை மூடிக்கொண்டேன்.

அப்போது அந்த அடி தொடர்ந்தது.

என் இடப்புறம், மிக அருகில், ஒரு பெண்குரல். மெலிதாக, சற்று நடுங்கி, ஆனால் சுருதியோடு ஒட்டி, எனக்கு மேலே அடுத்த ஆறில். கண் திறந்தேன். கமலம் கித்தாரைப் பார்த்தபடி, விரல் நிற்காமல், பாடிக்கொண்டிருந்தாள். ஒரு சொல் பிசகவில்லை. தூணோரத்துப் பெண்களில் இருவர் அவளோடு சேர்ந்தார்கள். அடுத்த அடியில் இன்னும் சிலர். பின்வரிசைச் சீருடைக்காரர்கள் கீழ்க்குரலில் முனகத் தொடங்கினார்கள். இத்தனை ஆண்டுகள் நான் பாடக் கோயில் கேட்டுக்கொண்டிருந்தது. அன்று கோயில் பாடிற்று. அந்த ஒலியின் நடுவே, எங்கிருந்து என்று தெரியாமல், என் குரலும் திரும்பி வந்து சேர்ந்துகொண்டது.

விடிந்து வீட்டுக்கு நடந்தோம். கித்தாரை நான் சுமந்தேன்.

"உனக்கு எல்லாப் பாட்டும் தெரியுமா?" என்றேன்.

"பக்கத்துலயே உக்காந்து கேட்டா தெரியாதா?"

"அப்புறம் ஏன் ஒரு நாள்கூடப் பாடல?"

"ரெண்டு கட்டைல நீங்க போற எடத்துக்கு நான் எங்கங்க ஏறுறது? மேல போனாக் கீச்சுன்னு கத்தணும், கீழ எறங்கினா ஒண்ணுமே கேக்காது. நானும் வீட்டுல தனியாப் பாத்தேன். எட்டல. சரி, விரலாலயே பாடிக்குவோம்னு விட்டுட்டேன்." சற்று நடந்துவிட்டுச் சொன்னாள். "இது எட்டுது."

கித்தாரை மறு தோளுக்கு மாற்றிக்கொண்டேன். தாமான் முனை திரும்பியபின் கேட்டேன்.

"நாளைக்கு முதல் பாட்டு யார் எடுக்கிறது?"

"சுருதி யாரு கைல இருக்கு?" என்றாள் கமலம். "நீங்க பின்னால வாங்க."